ஆட வந்தவள் பேசலாமா?

கேள்வி கேட்டிருப்பவர் கும்பகோணம் பக்கத்தில் கல்லூரி இரண்டாம் ஆண்டு படிக்கும் பெண். அம்மா கரகம் ஆடியவர். பங்குனி, சித்திரையில் மகளும் அதே செட்டோடு ஆடப் போகிறார். அவர் கேட்டதைச் சுருக்கினால் இவ்வளவுதான்: "ஆடும்போது ஊரே பார்க்கிறது. ஆட்டம் முடிந்து மைக்கில் நான்கு வார்த்தை பேசினால், ‘ஆட வந்தவள் ஆடிவிட்டுப் போ’ என்கிறார்கள். நம் பக்கத்தில் ஆடிய, பாடிய பெண்கள் இதற்கு முன் பேசியிருக்கிறார்களா? பேசியவர்களுக்கு என்ன ஆயிற்று? கல்லூரியில் நான் இன்ன தொழில் செய்கிறேன் என்று சொல்லிக்கொள்ளலாமா?"

பேசியிருக்கிறார்கள், நிறையவே. ஒருவரை ஒருவர் எதிர்த்தும் பேசியிருக்கிறார்கள். அந்தக் கதைக்குப் போகும் முன் நான் யார் என்று சொல்லிவிடுகிறேன். இருபத்தாறு ஆண்டுகள் தலையில் செம்பு வைத்து ஆடியவள். முழங்கால் தேய்ந்த பிறகு பெண்பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுக்கிறேன். மீதி நேரத்தில் கல்வெட்டுப் புத்தகங்களையும் பழைய கலைஞர்களின் வாழ்க்கை வரலாறுகளையும் படிக்கிற பைத்தியம் பிடித்திருக்கிறது. அதனால் பதில் கொஞ்சம் நீளும்.

உங்கள் கேள்வியைப் படித்ததும் எனக்கு முதலில் நினைவுக்கு வந்தது ஓர் ஊக்கு.

பாபநாசம் தாலுக்காவில் ஒரு மாரியம்மன் திருவிழா. ஊர்ப் பெயர் வேண்டாம். இரவு பதினொன்றுக்கு மேல் இருக்கும். பத்து மணிக் கெடுவெல்லாம் அப்போது யாரும் பார்த்ததில்லை. நையாண்டி மேளம் உச்சத்தில் இருக்கிறது. முன்வரிசையிலிருந்து ஒருவர் பத்து ரூபாய் நோட்டோடு எழுந்து வந்தார். இன்னொரு கையில் ஊக்கு. அன்பளிப்பை ரவிக்கையில் குத்திவிடுவதுதான் வழக்கம். குத்துகிற சாக்கில் விரல் எங்கே போகும் என்பது ஆடிய எல்லாருக்கும் தெரியும். என்னோடு ஜோடியாக ஆடிய பெண்ணுக்கு அப்போது பதினெட்டு வயது. தலையில் செம்பு இருக்கும்போது சட்டென்று பின்வாங்க முடியாது. எல்லா அசைவும் கழுத்தைக் கேட்டுக்கொண்டுதான் நடக்கும். ஊக்கு தோளுக்குக் கீழே அவள் தோலில் ஏறிவிட்டது. மஞ்சள் சாட்டின் ரவிக்கையில் கடுகளவு சிவப்பு. அவள் ஆட்டத்தை நிறுத்தவில்லை. தவில்காரர் பார்த்தார், அவரும் நிறுத்தவில்லை.

நான் என் செம்பை இறக்கி வைத்துவிட்டு மைக்கை வாங்கினேன். "நோட்டு கொடுக்கிற பெரியவர்கள் தட்டில் போடுங்கள். எங்கள் உடம்பு நோட்டு குத்துகிற பலகை இல்லை" என்றேன். மேளம் நின்றது. யாரோ விசில் அடித்தார்கள், அதுவும் நின்றது. பின்னால் உட்கார்ந்திருந்த ஒரு பாட்டி தட்டுத் தடுமாறி எழுந்து வந்து, ஐந்து ரூபாய் நாணயத்தை எவர்சில்வர் தட்டில் போட்டார். எனக்குக் கண் கலங்கிவிட்டது. போட்ட கையோடு அவர் சொன்னார்: "போட்டுவிட்டேன். பேச்சு போதும், ஆடு."

அந்தப் பாட்டி என் பக்கமா எதிர்ப்பக்கமா என்று இன்றுவரை எனக்குத் தெரியவில்லை. அந்த ஆட்டத்துக்கு எங்களை அழைத்துப்போன ஏஜெண்ட் இரண்டு சீசன் என்னைக் கூப்பிடவில்லை. அந்தப் பெண் அடுத்த ஆண்டு தொழிலை விட்டுத் திருப்பூருக்குப் போய்விட்டாள். நான் பேசியதால் அவள் தைரியம் பெற்றுத் தொடர்ந்து ஆடினாள் என்று கதை சொல்ல எனக்கும் ஆசைதான்; அப்படி நடக்கவில்லை. என் செட்டில் மட்டும் அன்றிலிருந்து தட்டு உண்டு, ஊக்கு கிடையாது.

இனி உங்கள் கேள்விக்கு வருகிறேன். இந்த மண்ணில் ஆடுகிற பெண்ணை ஊர் பார்க்காத காலமே கிடையாது. எந்தப் பெயரில் பார்த்தது, அந்தப் பெயரை யார் வைத்தது என்பதில்தான் சண்டை முழுவதும் நடந்திருக்கிறது. பெயர் என்று நான் சொல்வது உங்கள் பெயரையும்தான், உங்களுக்கு முன்னால் ஒட்டுகிற பட்டத்தையும் இனிஷியலையும் வசவையும்தான்.

தஞ்சைப் பெரிய கோயிலுக்குப் போயிருப்பீர்கள். அங்கே மதிலில் ஒரு நீண்ட கல்வெட்டு இருக்கிறது. ராஜராஜன் சோழநாட்டுக் கோயில்கள் பலவற்றிலிருந்து கொண்டுவந்து குடியேற்றிய 400 தளிச்சேரிப் பெண்டுகளின், அதாவது கோயிலில் ஆடிப் பாடிய பெண்களின், பட்டியல் அது. சுமார் 1014ஆம் ஆண்டைச் சேர்ந்தது. எந்தத் தெரு, தெருவில் எந்தச் சிறகு (வரிசை), எத்தனையாவது வீடு, எந்த ஊர்க் கோயிலிலிருந்து வந்தவர், பெயர் என்ன என்று வரிசையாக வெட்டியிருக்கிறார்கள். ‘நக்கன்’ என்ற முன்னொட்டோடு பெயர் பெயராகப் போகும். ஆளுக்கு ஒரு பங்கு. பங்கு ஒன்றுக்கு ஆண்டுக்கு நூறு கலம் நெல். ஆயிரம் ஆண்டுக்கு முன் ஆடிய பெண்ணின் கதவு எண் நமக்குத் தெரிகிறது. போன சித்திரையில் உங்கள் அம்மா ஆடிய ஊரின் திருவிழா நோட்டீஸை எடுத்துப் பாருங்கள். நாதஸ்வர வித்வான் பெயர் பட்டத்தோடு இருக்கும், தவில்காரர் பெயர் ஊரோடு இருக்கும், மைக்செட்காரர் பெயர் இரண்டு போன் நம்பரோடு இருக்கும். ஆடிய பெண்கள் இருவரும் ‘இளமை துள்ளும் கரகம்’ என்ற மூன்று சொல்லுக்குள் அடங்கியிருப்பார்கள்.

ஆனால் கல்வெட்டைப் பார்த்து மயங்கிவிடவும் வேண்டாம். அது அரசனின் கணக்கு. திருவையாற்றுக் கோயிலில் இருந்த பெண்ணிடம், தஞ்சாவூருக்கு வர உனக்குச் சம்மதமா என்று யாராவது கேட்டார்களா என்பது அதில் இல்லை. பெயர் பதிவது வேறு, குரல் பதிவது வேறு.

இன்னொன்று கவனியுங்கள். சோழர் காலக் கல்வெட்டுகளில் ‘தேவரடியார்’ என்பது கோயில் பெண்களைக் குறித்த மரியாதைச் சொல். அந்தப் பெண்கள் கோயிலுக்கு விளக்கு வைத்திருக்கிறார்கள், பொன்னும் நிலமும் கொடுத்திருக்கிறார்கள். கொடையாளிகளாகக் கல்லில் நிற்கிறார்கள். அந்தச் சொல் தேய்ந்து இன்று தெருச் சண்டையில் எந்த வசவாக வருகிறது என்று உங்களுக்கு நான் எழுதத் தேவையில்லை. பேருந்து நிலையத்தில் எனக்கே ஒருவர் சொல்லியிருக்கிறார். நான் அவருக்கு அதன் வரலாற்றைச் சொல்ல ஆரம்பித்தேன், ஓடிவிட்டார்.

கல்லிலிருந்து ஏட்டுக்கு வருவோம். தஞ்சையை மராட்டிய மன்னர் பிரதாபசிம்மன் ஆண்ட காலம், 1739 முதல் 1763 வரை. அவர் அவையில் இருந்தவர் முத்துப்பழனி. தெலுங்கில் ‘ராதிகா சாந்த்வனம்’ என்ற காவியம் எழுதினார். காவியத்தின் முகப்பில் கவிஞர்கள் தந்தை, பாட்டனார் பெருமையைப் பாடுகிற இடத்தில் இவர் தன் பாட்டி வழியை, பெண்வழியைப் பாடினார். தன் புலமையைப் பற்றியும் கூச்சமில்லாமல் சொல்லிக்கொண்டார். நூற்றைம்பது ஆண்டு கழித்து அதே நூலைத் தேவதாசி மரபில் வந்த பாடகி பெங்களூர் நாகரத்தினம்மாள் கையில் எடுத்தார். அதற்குள் அது வெட்டிச் சுருக்கிய பதிப்பாகத்தான் கிடைத்துக்கொண்டிருந்தது. அதை எழுதியவள் ஒரு தாசி, பெண்கள் காதில் விழக்கூடாத ஆபாசம் அது என்று பெரிய சீர்திருத்தவாதியான கந்துகூரி வீரேசலிங்கமே எழுதியிருந்தார். நாகரத்தினம்மாள் ஓலைச்சுவடி தேடி, விட்டுப்போனதைச் சேர்த்து, 1910இல் முழுமையாகப் பதிப்பித்தார். ஆண் கவிகள் இதைவிடப் பச்சையாக எழுதியபோது எங்கே போயிருந்தீர்கள் என்ற பொருள்பட முன்னுரையில் கேட்டும் வைத்தார். ஆங்கில அரசு புத்தகத்தைத் தடை செய்தது. 1947இல்தான் தடை நீங்கியது.

இந்த அம்மாளைத்தான் நீங்கள் திருவையாற்றில் பார்த்திருக்கிறீர்கள். தியாகராஜர் சமாதிக்கு எதிரே கைகூப்பி உட்கார்ந்திருக்கும் சிலை அவருடையதுதான். சமாதி புதர் மண்டிக் கிடந்த காலத்தில் நிலத்தை வாங்கி, நகையையும் சொத்தையும் விற்றுக் கோயில் கட்டி 1925 ஜனவரியில் குடமுழுக்குச் செய்தவர். பணம் அவருடையது, கட்டடம் அவருடையது. ஆனால் தியாகராஜர் நினைவாக அங்கே ஆண்டுதோறும் நடக்கும் ஆராதனையில் பாட மட்டும் அனுமதி இல்லை. பெண்கள் பாடக்கூடாது, நாதஸ்வரக்காரர்களும் சரிசமமாக உட்காரக்கூடாது. இரண்டு கட்சியாகப் பிரிந்து சண்டையிட்டுக்கொண்டிருந்த ஆண்கள் இந்த ஒரு விஷயத்தில் மட்டும் ஒற்றுமையாக இருந்தார்கள். அவர் என்ன செய்தார்? 1927 வாக்கில் மூன்றாவதாக ஒரு கட்சியைத் தொடங்கினார். ‘பெண்கள் கட்சி’ என்றே அதற்குப் பெயர் வந்தது. தாம் கட்டிய இடத்திலேயே பெண்களை உட்கார வைத்துப் பாடச் செய்தார், கதாகாலட்சேபம் செய்தார். சுமார் பதினான்கு ஆண்டு இழுபறிக்குப் பிறகு 1941 வாக்கில் மூன்று கட்சிகளும் ஒன்றாயின. இன்று பஞ்சரத்ன கீர்த்தனை பாடும்போது ஒரு பக்கம் முழுக்கப் பெண்கள் உட்கார்ந்திருப்பதைத் தொலைக்காட்சியில் பார்க்கிறோமே, அந்த இடம் அப்படிக் கிடைத்தது. தை மாத வெயிலில் அங்கே போய் உட்கார்ந்தால், மேடையைவிட அந்தச் சிலையைத்தான் அதிக நேரம் பார்ப்பேன்.

இப்போது காவிரியோடு கிழக்கே வாருங்கள், மயிலாடுதுறை பக்கம் மூவலூருக்கு. நீங்கள் மாதாமாதம் ‘புதுமைப் பெண்’ திட்டத்தில் ஆயிரம் ரூபாய் வாங்குவதாக எழுதியிருக்கிறீர்கள். அந்தத் திட்டத்தின் முழுப் பெயரைப் படித்தீர்களா? மூவலூர் இராமாமிர்தம் அம்மையார் உயர்கல்வி உறுதித் திட்டம். 1883இல் பிறந்தவர். வறுமையில் பெற்றோர் அவரைப் பத்து ரூபாய்க்கும் ஒரு பழைய புடவைக்கும் ஒரு தாசியிடம் கொடுத்ததாக அவர் வரலாறு சொல்கிறது. ஆட்டமும் பாட்டும் கற்றார். பொட்டுக் கட்டவும் (சாமிக்கு மனைவி என்று தாலி கட்டித் தேவதாசி ஆக்கவும்) கிழவர் ஒருவருக்குக் கட்டிவைக்கவும் முயன்றபோது மறுத்து, கற்றுக்கொடுத்த சுயம்புப் பிள்ளையையே மணந்தார். முதலில் காங்கிரஸ், பிறகு சுயமரியாதை இயக்கம். ஊர் ஊராகப் போய்ப் பொட்டுக் கட்டுவதற்கு எதிராகப் பேசினார். 1936இல் ‘தாசிகள் மோசவலை அல்லது மதிபெற்ற மைனர்’ என்ற நாவலை எழுதினார். 1938இல் இந்தி எதிர்ப்புப் படை திருச்சியிலிருந்து சென்னைக்கு நடந்தபோது கூடவே நடந்தார். அப்போது அவருக்கு ஐம்பத்தைந்து வயது. அதே ஆண்டு சிறைக்கும் போனார்.

எனக்கு ஒரு குறும்பு நினைப்பு எப்போதும் வரும். 1989இல் அவர் பெயரில் வந்த முதல் திட்டம் ஏழைப் பெண்களுக்குத் திருமண உதவி. பின்னாளில் அதில் தாலிக்குத் தங்கமும் சேர்ந்தது. கழுத்தில் பொட்டு ஏறுவதை எதிர்த்தே வாழ்ந்தவர் பெயரில் தாலித் தங்கம்! 2022இல் அது படிப்புக்கான உதவியாக மாறியபோது, அவர் இருந்திருந்தால் இப்போதுதான் சிரித்திருப்பார் என்று தோன்றியது.

இங்கேதான் நீங்கள் கவனமாகப் படிக்க வேண்டும். 1920களின் கடைசியில் முத்துலட்சுமி ரெட்டி சட்டமன்றத்தில் பொட்டுக் கட்டும் வழக்கத்தை ஒழிக்க மசோதா கொண்டுவந்தார். புதுக்கோட்டையில் பிறந்தவர், அவருடைய தாயாரும் இதே மரபில் வந்தவர்தான். அவரை ஆதரித்துக் கிராமம் கிராமமாக நடந்தவர் இராமாமிர்தம் அம்மையார். எதிர்த்தவர்கள் யார்? நாகரத்தினம்மாள் தலைமையில் சென்னை மாகாணத் தேவதாசிகள் சங்கம். எங்களைக் கலைஞர்கள் என்று பாருங்கள், ஒட்டுமொத்தமாக விபசாரிகள் என்று முத்திரை குத்தாதீர்கள், எங்கள் நிலத்தையும் பிழைப்பையும் பிடுங்காதீர்கள் என்பது அவர்கள் வாதம். திருவையாறும் மூவலூரும் ஒரே ஆற்றின் கரை. ஒரே மரபில் வளர்ந்த இரண்டு பெண்கள் நேரெதிராக நின்றார்கள். இருவர் பேச்சிலும் பொய் இல்லை.

என் கட்சி எது என்று கேட்டால் சொல்லிவிடுகிறேன்: மூவலூர்க் கட்சி. பொட்டுக் கட்டிய ஏழு வயதுக் குழந்தையிடம் யாரும் சம்மதம் கேட்கவில்லை; கலை பெரியது என்று சொல்லி அதை மூட முடியாது. 1947இல் சட்டம் வந்ததில் எனக்கு எந்த வருத்தமும் இல்லை. ஆனால் நாகரத்தினம்மாள் பயந்த ஒன்று அப்படியே நடந்தது. 1931இல் சென்னை மியூசிக் அகாடமியில் ஆடியவர்கள் திருவாளப்புத்தூர் கல்யாணியின் மகள்கள், நம் மயிலாடுதுறைப் பக்கத்துப் பெண்கள். அப்போது அந்த ஆட்டத்துக்குச் சதிர் என்று பெயர். அடுத்த சில ஆண்டுகளில் அது பரதநாட்டியம் ஆயிற்று. 1935இல், இந்த மரபில் வராத பிராமணக் குடும்பத்துப் பெண் ருக்மிணி தேவி அடையாற்றில் ஆடினார். அவருக்குச் சொல்லிக்கொடுத்தவர் நம் பந்தநல்லூர் மீனாட்சிசுந்தரம் பிள்ளை. அவரைப் போல ஆட்டம் சொல்லிக்கொடுக்கும் நட்டுவனார்களுக்கு நகரத்தில் இடம் கிடைத்தது, நல்லதுதான். அவர்கள் வீட்டுப் பெண்கள் சலங்கையைப் பரணில் போட்டுவிட்டு, பேத்திகளுக்குக்கூடச் சொல்லாமல் செத்தார்கள். ஆட்டத்துக்குப் புதுப் பெயரும் மரியாதையும் வந்தன. அதுவரை ஆடிக்கொண்டிருந்தவர்களுக்கு அந்த மரியாதையில் பங்கு வரவில்லை.

விடாமல் நின்றவர்களும் உண்டு. நடனக் கலைஞர் பாலசரஸ்வதி பெயருக்கு முன்னால் இருக்கும் ‘தி’ தஞ்சாவூரைக் குறிப்பது. முன்னோர் பாப்பம்மாள் தஞ்சை அரண்மனையில் இருந்தவர். சிருங்காரத்தை, அதாவது காதல் சுவையை, கழுவிச் சுத்தம் செய்ய வேண்டிய அவசியம் நடனத்தில் எதுவும் இல்லை என்று 1975இல் தமிழிசைச் சங்க மேடையில் தலைமையுரையாகவே பேசினார். எம்.எஸ். சுப்புலட்சுமியின் இனிஷியலில் உள்ள ‘எஸ்’ சண்முகவடிவு, அம்மா. எம்.எல். வசந்தகுமாரியின் ‘எல்’ லலிதாங்கி, அதுவும் அம்மா. இந்த இனிஷியல்களை நாம் வாயாரச் சொல்கிறோம். என்ன சொல்கிறோம் என்று யோசிப்பதில்லை. முத்துப்பழனி காவியத்தில் செய்ததை இவர்கள் கச்சேரி நோட்டீஸில் செய்தார்கள்.

கும்பகோணம் பாலாமணி அம்மாளை உங்கள் ஊர்க்காரர் என்பதால் சொல்கிறேன். பெண்களே ஆண் வேடமும் போட்ட நாடகக் குழுவை நடத்தியவர். அவர் நாடகம் பார்க்க வருகிறவர்களுக்காக ‘பாலாமணி ஸ்பெஷல்’ என்று ரயிலே விட்டார்கள் என்று கதை உண்டு. அவ்வளவு பேர் பார்த்த பெண், கடைசியில் மதுரையில் வறுமையில் இறந்ததாக நாடகக்காரர்கள் எழுதி வைத்திருக்கிறார்கள். கூட்டம் வருவதை வைத்து எதையும் கணக்குப் போட வேண்டாம் என்பதற்காகச் சொன்னேன்.

நம் காலத்துக்கு வந்தால், நர்த்தகி நடராஜ். மதுரையில் பிறந்தவர். திருநங்கை என்பதால் வீடும் ஊரும் ஒதுக்க, தோழி சக்தியோடு தஞ்சாவூருக்கு வந்து, சதிரை வகுத்துத் தந்த நான்கு சகோதரர்களான தஞ்சை நால்வர் மரபில் வந்த கிட்டப்பா பிள்ளையிடம் பதினைந்து ஆண்டுகள் போல இருந்து கற்றார். ‘நர்த்தகி’ என்ற பெயரே குரு வைத்தது. 2019இல் பத்மஸ்ரீ, திருநங்கையரில் முதன்முதலாக அவருக்குத்தான். 2021இல் மாநில வளர்ச்சிக் கொள்கைக் குழுவில் உறுப்பினர். அவர் பாதையில் எனக்குப் பிடித்தது, காதலியாக நின்று ஆடும் நாயகி பாவத்தையே தன் வலுவாக எடுத்துக்கொண்டது. நீ பெண்ணா என்று கேட்டவர்களுக்கு வாதம் செய்யாமல், நாயகியாக ஆடிக் காட்டினார். அதோடு நிற்காமல் குழுவிலும் கூட்டத்திலும் உட்கார்ந்து பேசினார். ஸ்ரீரங்கத்தில் நாதஸ்வர வித்வான் சின்ன மௌலானாவிடம் கற்ற காலீஷாபி மகபூபும் அப்படித்தான். இஸ்லாமியப் பெண், கோயில் மண்டபங்களில் நாதஸ்வரம், 2020இல் கணவரோடு பத்மஸ்ரீ. டெல்டாவுக்குச் சற்று வெளியே விராலிமலையில், சதிரைக் கடைசிவரை விடாத முத்துக்கண்ணம்மாளுக்கு 2022இல் அதே விருது. விருதுகளைச் சொல்வதற்குக் காரணம், உங்களை வாய் மூடச் சொல்லும் ஏஜெண்டுக்கு வேறு எந்த மொழியும் புரிவதில்லை.

கல்லூரியில் சொல்லலாமா என்று கேட்டீர்கள். இதில் வீரம் பேச எனக்கு யோக்கியதை கிடையாது. என் மகன் பள்ளி விண்ணப்பங்களில் ‘தாயின் தொழில்’ என்ற இடத்தில் பதினோரு ஆண்டுகள் ‘விவசாயக் கூலி’ என்று எழுதியவள் நான். தை அறுவடையில் நாலு நாள் களத்துக்குப் போவேன் என்பதால் முழுப் பொய்யும் இல்லை என்று எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொள்வேன். பன்னிரண்டாம் வகுப்பில் அவனே படிவத்தை நிரப்பினான். ‘கரக்காட்டக் கலைஞர்’ என்று, ‘க்’ ஒன்றைக் கூடுதலாகப் போட்டு எழுதியிருந்தான். திருத்தச் சொல்லவில்லை.

அதனால் சொல்கிறேன்: எல்லா இடத்திலும் எல்லாருக்கும் தெரிய வேண்டும் என்று கட்டாயம் எதுவும் இல்லை. சொல்லாமல் இருப்பது மறைப்பு ஆகாது; யாரிடம், எப்போது என்பது உங்கள் கையில் இருக்கிறவரை. முதலில் ஒரே ஒரு தோழியிடம், பிறகு நம்பிக்கையான ஓர் ஆசிரியரிடம் சொல்லிவையுங்கள். ஏனென்றால் யாராவது செல்போனில் எடுத்த காணொளி ஒருநாள் உங்கள் வகுப்புக் குழுவில் வந்தே தீரும். அன்றைக்கு அது செய்தியாக இருக்கக்கூடாது. ஏற்கெனவே தெரிந்த விஷயமாக இருக்க வேண்டும். இதில் அம்மாவையும் கேட்டுக்கொள்ளுங்கள். நீங்கள் வெளியே சொல்வது அவர் கதையும்தான்.

மைக்கில் பேசுவதைப் பற்றி என் அனுபவம்: ஆட்டம் முடிந்து பேசாதீர்கள், கூட்டம் கலையும் நேரம் அது, எது சொன்னாலும் புலம்பலாகக் கேட்கும். தொடக்கத்தில், வணக்கம் சொல்லும்போதே, சிரித்த முகத்தோடு மூன்று வரி. செட்டில் உள்ள எல்லாருடைய பெயர், ஊர், எத்தனை ஆண்டாக ஆடுகிறார்கள். நான்காவது வரியில் தட்டு. இதற்குமேல் வேண்டுமானால் முன்பணம் வாங்கும்போதே விழாக் குழுவிடம் சொல்லிவிடுங்கள். காவல்துறை அனுமதித் தாளையும் ஒருமுறை கேட்டு வாங்கிப் படியுங்கள். ஆபாசம் கூடாது, கட்சியையும் சாதியையும் புகழ்ந்தோ தாக்கியோ பாட்டும் பேச்சும் கூடாது என்று நீதிமன்றம் சொன்ன நிபந்தனைகள் அதில் இருக்கும். ஆபாச வசனம் வேண்டும் என்று நச்சரிக்கிற ஆளுக்கு அந்தத் தாளே பதில். உங்கள் வாயை அடைப்பதாக நினைக்கிற தாள், சில இரவில் உங்களுக்குக் கேடயமாகும்.

துணி மாற்றுகிற இடம் எது என்று முதலிலேயே கேளுங்கள். பள்ளிக்கூடச் சுவருக்குப் பின்னால் இரண்டு புடவையை மறைப்பாகக் கட்டி மாற்றிய காலத்தில் செல்போன் கிடையாது. இப்போது அந்தப் புடவைக்கு மேலே ஒரு கை நீண்டால் போதும். அப்படி எடுப்பது பாரதிய நியாய சன்ஹிதாவின் 77ஆம் பிரிவில் குற்றம். பின்தொடர்ந்து தொல்லை கொடுப்பது 78. படத்தை மாற்றியோ அசிங்கமாக வெட்டியோ இணையத்தில் போட்டால் இணையக் குற்றங்களுக்கான 1930 என்ற எண், பொதுவான உதவிக்குப் பெண்கள் உதவி எண் 181. இன்னொன்று பலருக்குத் தெரியாது. 2013ஆம் ஆண்டுப் பாலியல் துன்புறுத்தல் தடைச் சட்டம் அலுவலகத்துக்கு மட்டும் என்று நினைக்கிறார்கள். பத்துப் பேருக்குக் குறைவாக உள்ள இடத்தில் வேலை செய்கிறவர்களுக்காக மாவட்டத்துக்கு ஒரு உள்ளூர்க் குழு இருக்க வேண்டும் என்று அந்தச் சட்டம் சொல்கிறது. நம் செட்டில் எத்தனை பேர்? இரண்டு நாதஸ்வரம், இரண்டு தவில், பம்பை, இரண்டு கரகம், ஒரு குறவன் வேடம். எட்டு. கணக்கு நமக்காகவே போட்டது போல இருக்கிறது. மூன்று மாதத்துக்குள் எழுத்தில் கொடுக்க வேண்டும்.

நாட்டுப்புறக் கலைஞர்கள் நல வாரியம் 2007இலிருந்து இருக்கிறது. அம்மாவுக்கு அட்டை இருக்கிறதா என்று பாருங்கள். இல்லையென்றால் தஞ்சாவூரில் கலை பண்பாட்டு மைய அலுவலகத்தில் விசாரித்து இருவரும் பதிவு செய்துகொள்ளுங்கள். அந்த அட்டையில் உங்கள் பெயருக்கு நேரே கலையின் பெயர் அச்சாகி இருக்கும். அதைக் கல்லூரியில் காட்டுவதும் காட்டாததும் உங்கள் இஷ்டம்.

வைகாசியில் ஒரு ஊருக்கு ஒப்புக்கொண்டிருப்பதாக எழுதியிருந்தீர்கள். நோட்டீஸ் எந்த அச்சகத்தில் அடிக்கிறார்கள் என்று விழாக் குழுவிடம் கேளுங்கள். ‘இளமை துள்ளும்’ என்ற வரிக்குப் பதிலாக இரண்டு பெயரையும் ஊரோடு எழுதித் துண்டுச் சீட்டாகக் கொடுங்கள். அம்மாவின் எழுத்தை இனிஷியலாகப் போட விருப்பம் இருந்தால் அப்போதே போட்டுக் கொடுங்கள். சொன்னால் போதாது, புரூப் வாங்கிப் பாருங்கள். என் பெயரை ஒருமுறை மைக்செட்காரர் பெயரோடு சேர்த்து அடித்துவிட்டார்கள், அந்த சீசன் முழுக்க எனக்கு ஒலிபெருக்கி கேட்டுப் போன் வந்துகொண்டிருந்தது.